புத்துணர்ச்சியான: இந்தச் சொல்லை எங்கே, எப்படி எழுதுவது? ஒரு முழுமையான வழிகாட்டி

டீத்தூள் பாக்கெட்டில் இருக்கிறது, குளியல் சோப்பு உறையில் இருக்கிறது, யோகா வகுப்பு நோட்டீஸில் இருக்கிறது, கொடைக்கானலுக்குப் போய்வந்தவர் போடும் பதிவில் கட்டாயம் இருக்கிறது. 'புத்துணர்ச்சியான' என்பது நல்ல சொல். ஆனால் 'நன்றாக இருக்கிறது' என்று சொல்ல வேண்டிய எல்லா இடத்திலும் அதையே கொண்டுவந்து வைப்பதால், படிக்கிறவர் கண் அதில் நிற்காமல் தாண்டிப் போய்விடுகிறது. விளம்பரம் எழுதுகிறவர்கள், பள்ளியில் கட்டுரை எழுதும் பிள்ளைகள், முகநூலில் தினமும் நாலு வரி எழுதுகிறவர்கள் எல்லோருக்கும் பயன்படட்டும் என்றுதான் இதைக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

எல்லாவற்றுக்கும் முன்னால் ஒன்று. இந்தச் சொல்லுக்குள் ஒரு களைப்பு இருக்கிறது, வந்து போன களைப்பு. அது என்ன களைப்பு என்று உங்களுக்குத் தெரிந்தால் சொல்லைத் தாராளமாக எழுதுங்கள். தெரியாவிட்டால் நீங்கள் தேடும் சொல் வேறு. கீழே வரும் படிகள் எல்லாம் இந்த ஒன்றிலிருந்து கிளைப்பவைதான்.

முதல் படி: சொல்லைப் பிரித்துப் பாருங்கள்

புதுமை + உணர்ச்சி. 'மை' விழுந்துவிடுகிறது, 'புது'வில் உள்ள த் இரட்டிக்கிறது, உயிரெழுத்து வந்து சேரும்போது கடைசி உகரம் ஓடிவிடுகிறது, புத்துணர்ச்சி ஆகிவிடுகிறது. புத்தாண்டு, புத்தாடை, புத்துயிர், புத்தொளி எல்லாம் இதே வழியில் வந்தவைதான். பின்னால் மெய்யெழுத்தில் தொடங்கும் சொல் வந்தால் 'புது' அப்படியே நிற்கும்: புதுநெல், புதுப்பானை, நம் மதுரை மீனாட்சியம்மன் கோயில் கிழக்குக் கோபுரத்துக்கு எதிரே இருக்கிற புதுமண்டபம். (17ஆம் நூற்றாண்டில் திருமலை நாயக்கர் கட்டியது. அதற்கு முன்னாலேயே கோயிலுக்குள் மண்டபங்கள் இருந்ததால் இது புதுமண்டபம். இத்தனை தலைமுறை ஆகியும் ஊர் அந்தப் 'புது'வை விடவில்லை.)

இலக்கணப் புத்தகம் இந்த இடத்தோடு நிறுத்திக்கொள்ளும். எழுதுகிறவருக்கு வேண்டியது இதற்கு அடுத்ததாக இருக்கிறது. புத்தாண்டு என்றால் இதுவரை வராத ஆண்டு, புத்தாடை என்றால் இதுவரை உடுத்தாத ஆடை. புத்துயிர் அப்படியா? இப்போதுதான் பிறந்த குழந்தைக்கு யாராவது 'புத்துயிர் வந்தது' என்று சொல்வார்களா? தூர்ந்துபோன கண்மாயைத் தூர்வாரி, மடையைச் சரிசெய்து, மழைக்குத் தண்ணீர் நின்றால் 'கண்மாய் புத்துயிர் பெற்றது' என்கிறோம். ஏற்கெனவே இருந்த உயிர்தான், நடுவில் போயிருந்தது, திரும்பி வந்திருக்கிறது. புத்துணர்ச்சியும் இந்த வகை. இருந்து, குறைந்து, மீண்டும் வருவது. இதில் வரும் 'புது'வுக்குப் பொருள் 'மறுபடியும்' என்பதுதான்.

புத்துணர்ச்சியா, புத்துணர்வா என்று கேட்பவர்கள் உண்டு. இரண்டும் சரி. தனியாக நிற்கும்போது உணர்ச்சிக்கும் உணர்வுக்கும் வித்தியாசம் பெரிது, 'உணர்ச்சிவசப்பட்டார்' என்பதை 'உணர்வுவசப்பட்டார்' என்று யாரும் எழுதுவதில்லை. 'புத்து' சேர்ந்த பிறகு அந்த இடைவெளி அநேகமாக மறைந்துவிடுகிறது. ஒரே கட்டுரைக்குள் இரண்டையும் கலக்காமல் இருந்தால் போதும்.

இரண்டாம் படி: போன களைப்பு எது என்று கேளுங்கள்

இதில்தான் அதிக நேரம் செலவிட வேண்டும்.

இந்தச் சொல் சரியாக உட்கார்ந்த இடம் ஒன்று சொல்கிறேன். கோயில் யானைகளுக்குத் தமிழக அரசு 2003இல் தொடங்கிய முகாமைப் பத்திரிகைகள் 'புத்துணர்வு முகாம்' என்று எழுதின. முதலில் முதுமலையில், பிறகு மேட்டுப்பாளையம் பக்கம் தேக்கம்பட்டியில் பவானி ஆற்றங்கரையில், 48 நாள் வரை நடந்தது. நம் மீனாட்சியம்மன் கோயில் பார்வதியும் அழகர்கோயில் சுந்தரவல்லியும் லாரி ஏறிப் போய்வந்த முகாம்தான். வருடம் முழுக்கக் கல் தரையில் நிற்கிற, கூட்டத்துக்கும் மேளச் சத்தத்துக்கும் நடுவில் நிற்கிற, தன் இனத்தையே பார்க்காமல் இருக்கிற ஒரு யானைக்கு மண் தரை, ஆற்றுக் குளியல், காலையும் மாலையும் நடை, பக்கத்தில் இன்னொரு யானை. என்ன களைப்பு போனது என்பதைக் கேட்கவே வேண்டாம், தெரிகிறது. அதனால் 'புத்துணர்வு' என்ற சொல்லில் காற்று இல்லை, சதை இருக்கிறது.

இன்னொன்று, நமக்கு இன்னும் நெருக்கமானது. சித்திரைத் திருவிழாவில் அழகரை எதிர்கொண்டு வரவேற்கும் எதிர்சேவைக்கு வந்து, இரவெல்லாம் விழித்து, விடியற்காலையில் அழகர் ஆற்றில் இறங்குவதைக் கூட்டத்துக்குள் நின்று பார்த்து, வெயில் ஏற ஏற நடக்கிறவர்கள் மேல் தோப்பறை என்ற தோல் பையிலிருந்து தண்ணீர் பீய்ச்சியடிக்கிறது. அந்த நொடியில் அவர்கள் முகத்தில் வருவதை 'புத்துணர்ச்சி' என்று எழுதலாம், ஒரு குறையும் இல்லை. முந்தின இரவின் விழிப்பும் நடையும் கூடவே இருப்பதால் சொல் தாங்குகிறது. இதே தண்ணீரைப் பத்து மணி வரை தூங்கி எழுந்து வீட்டு வாசலில் நிற்கிற பையன் மேல் அடித்தால் அவனுக்கு வருவது குதூகலம், கும்மாளம். புத்துணர்ச்சி இல்லை.

இப்போது இதைப் பாருங்கள்: 'புத்துணர்ச்சியான திறப்பு விழா.' எந்தக் களைப்பு போனது? திறப்பு விழா என்றாலே அன்றுதான் தொடக்கம். அங்கே கோலாகலமான, களைகட்டிய, கலகலப்பான என்று எது வேண்டுமானாலும் எழுதலாம். 'புத்துணர்ச்சியான புது டிசைன் சேலைகள்' என்பதும் இப்படித்தான். சேலைக்குக் களைப்பு கிடையாது, பார்க்கிறவருக்கும் அதுவரை இல்லை. கண்ணைக் கவரும் என்றோ பளிச்சென்ற நிறத்தில் என்றோ எழுதினால் விஷயம் போய்ச் சேரும்.

மூன்றாம் படி: உணர்ச்சி யாருக்கு?

'ஆன' என்ற ஒட்டு எதனோடு சேர்கிறதோ அதன் குணத்தைச் சொல்வதற்காக வந்தது. அழகான வீடு என்றால் அழகு வீட்டில் இருக்கிறது. புத்துணர்ச்சியான ஜிகர்தண்டா என்றால்? புத்துணர்ச்சி கிளாஸில் இல்லை, கீழவாசல் வெயிலில் அலைந்துவிட்டு வந்து அதைக் குடிக்கிறவரிடம் இருக்கிறது. பாலும் கடற்பாசியும் நன்னாரி சர்பத்தும் ஐஸ்கிரீமும் அதைத் தருகின்றன, அவ்வளவுதான். ஆகவே 'புத்துணர்ச்சி தரும் ஜிகர்தண்டா', 'புத்துணர்ச்சியூட்டும் பானம்' என்று எழுதுங்கள்.

மகிழ்ச்சியான செய்தி, சோகமான பாட்டு என்றெல்லாம் எழுதுகிறோமே, செய்திக்கு மகிழ்ச்சி உண்டா என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்வி. இலக்கணப்படி 'புத்துணர்ச்சியான காற்று' தவறு என்று யாரும் அடித்துவிட முடியாது. ஆனால் சோகம் பாட்டின் ராகத்திலேயே கேட்கிறது, கேட்பவர் அழாவிட்டாலும் அது சோகமான பாட்டுதான். புத்துணர்ச்சி அப்படித் தானாக ஒரு பொருளில் தங்காது, ஓர் உடம்பில் நடக்க வேண்டும். யாருக்கும் புத்துணர்ச்சி வராமல் காற்று மட்டும் புத்துணர்ச்சியாக இருக்க முடியாது. அதனால் பொருள்களுக்குத் 'தரும்', 'ஊட்டும்', 'அளிக்கும்' என்று எழுதுவதே நல்லது என்பது என் கருத்து.

மனிதர்களுக்கு வருவோம். 'புத்துணர்ச்சியான பெண்' என்று எழுதிப் பாருங்கள், ஏதோ ஒட்டவில்லை. பெயருக்கு முன்னால் வைக்கும் அடை அந்த ஆளின் நிலையான குணத்தைச் சொல்வதுபோல் ஆகிவிடுகிறது. புத்துணர்ச்சியோ வந்து போகிற நிலை. ஆகவே அதை வினையோடு சேர்த்துவிடுங்கள்: 'புத்துணர்ச்சியோடு வேலைக்குத் திரும்பினாள்', 'குளித்துவிட்டுப் புத்துணர்ச்சியுடன் வந்து உட்கார்ந்தார்'. நிலையான குணத்தைச் சொல்ல வேண்டுமென்றால் உற்சாகமான மனிதர், துடிப்பான பையன், கலகலப்பான அத்தை என்று நல்ல சொற்கள் ஏராளமாக இருக்கின்றன.

அப்படியானால் 'புத்துணர்ச்சியான' என்ற வடிவத்துக்கு இடமே இல்லையா? இருக்கிறது. மாறி மாறி வரும் தன்மையுள்ளவற்றுக்கு முன்னால் அது நன்றாக நிற்கும்: முகம், மனம், மனநிலை, தோற்றம், குரல், நடை. 'ஒரு வாரம் ஊரில் இருந்துவிட்டுப் புத்துணர்ச்சியான முகத்தோடு வந்தார்' என்ற வாக்கியத்தில் குறை சொல்ல ஒன்றுமில்லை.

நான்காம் படி: போனது எது என்பதைப் பொறுத்து வந்ததற்குப் பெயர் வையுங்கள்

தமிழில் களைப்புக்கு ஒரு பெயர் இல்லை, பல பெயர்கள். அதனால் அது போன பிறகு வருவதற்கும் பல பெயர்கள். இந்த ஜோடிகளை மனதில் வைத்துக்கொண்டால் எந்த இடத்தில் எந்தச் சொல் என்ற தடுமாற்றமே பெரும்பாலும் வராது.

உடல் உழைப்பில் வருவது களைப்பு. நாற்று நட்டுவிட்டு, மூட்டை தூக்கிவிட்டு, ஜல்லிக்கட்டு வாடிவாசலில் ஒரு சுற்று மாடு பிடித்துவிட்டு வருவது. அது போனால் வருவது தெம்பு. நீராகாரம் குடித்ததும், சாயங்காலம் வண்டியில் வரும் சூடான பருத்திப்பால் ஒரு டம்ளர் உள்ளே போனதும் 'இப்பத்தான் தெம்பா இருக்கு' என்பார்கள். தெம்பில் பலமும் இருக்கிறது, கொஞ்சம் துணிச்சலும் இருக்கிறது: 'அவன் கூட இருந்தா ஒரு தெம்பு.' காய்ச்சல் விட்டு எழுந்தவருக்கும் இந்தச் சொல்தான், புத்துணர்ச்சி இல்லை.

ஒரே வேலையைத் திரும்பத் திரும்பச் செய்வதாலும் பயணத்தாலும் வருவது அலுப்பு. பஸ்ஸில் இரவெல்லாம் உட்கார்ந்து வந்த உடம்புக்கு அலுப்பு. அது போனால் வருவதுதான் அசல் புத்துணர்ச்சி. இந்தச் சொல்லின் சொந்த வீடு இதுதான் என்று சொல்வேன். சென்னையிலிருந்து வந்து மாட்டுத்தாவணியில் இறங்கி, வீட்டுக்குப் போய் நாலு வாளி தண்ணீர் ஊற்றிக் குளித்து, ஒரு காபி. அதன் பெயர் புத்துணர்ச்சி.

மனதுக்கு வருவது சலிப்பு. போனால் வருவது உற்சாகம் அல்லது ஊக்கம். இவை இரண்டும் முன்னோக்கிப் பார்ப்பவை, அடுத்து ஏதோ செய்யப் போகிறோம் என்ற நினைப்பு உள்ளே இருக்கிறது. புத்துணர்ச்சி அடைந்தவர் சும்மா உட்கார்ந்திருக்கலாம். உற்சாகம் வந்தவர் உட்கார மாட்டார். ஊக்கத்தில் பொறுமையும் உண்டு, நீண்ட நாள் நிற்கும். உற்சாகம் சாயங்காலத்துக்குள் வடிந்தாலும் வடிந்துவிடும்.

முகத்தில் தெரிவது வாட்டம். அது போனால் மலர்ச்சி, நம் பக்கத்துப் பேச்சில் தெளிச்சி. இந்தத் 'தெளிச்சி' என்ற சொல்லின் மேல் எனக்குத் தனிப் பிரியம் உண்டு. கலங்கிய தண்ணீர் அடியில் மண் தங்கித் தெளிவதைப்போல நோயோ கவலையோ அழுகையோ அடங்கி முகம் தெளிவதை ஒரே சொல்லில் சொல்லிவிடுகிறது. எழுத்தில் ஏன் இதை இவ்வளவு குறைவாகப் பயன்படுத்துகிறோம் என்று தெரியவில்லை. கதை எழுதுகிறவர்கள் எடுத்துக்கொள்ளுங்கள்.

அப்புறம் வெக்கை. மதுரைக்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. வெக்கை போனால் வருவது குளிர்ச்சி, அது உடம்பைத் தாண்டி மனதுக்கும் போய்விட்டது: கண் குளிரப் பார்த்தேன், வயிறு குளிரச் சாப்பிட்டான், மனசு குளிர்ந்துபோச்சு. ஆனால் ஒரு வித்தியாசம். மனம் குளிர்வதற்குப் பெரும்பாலும் இன்னொருவர் செய்த நல்லது காரணமாக இருக்கும், பேரன் பாஸான செய்தி, மருமகளின் நல்ல சொல். புத்துணர்ச்சிக்கு இன்னொருவர் வேண்டியதில்லை, ஒரு தூக்கம் போதும்.

சுறுசுறுப்பும் விறுவிறுப்பும் இந்தக் குடும்பம் இல்லை. அவை வேகத்தைச் சொல்கின்றன. எறும்பு சுறுசுறுப்பானது, கதை விறுவிறுப்பானது. களைத்தவரும் சுறுசுறுப்பாக வேலை பார்க்க முடியும், நம் வீட்டுப் பெண்கள் தினமும் பார்க்கிறார்கள்.

ஐந்தாம் படி: காய்கறிக்கும் பூவுக்கும் இதை வைக்காதீர்கள்

'புத்துணர்ச்சியான காய்கறிகள் கிடைக்கும்' என்று கடைப் பலகைகளில் பார்க்கிறோம். 'ஃபிரெஷ்' என்று பேச்சில் எல்லாவற்றுக்கும் ஒரே சொல் ஓடுவதால் வந்த வினை இது. குளித்துவிட்டு ஃபிரெஷ்ஷா வந்தான், கத்திரிக்காய் ஃபிரெஷ்ஷா இருக்கு, பால் ஃபிரெஷ். பேச்சில் அது இருந்துவிட்டுப் போகட்டும், யாரையும் திருத்த வேண்டாம். எழுத்தில் மட்டும் ஒவ்வொன்றுக்கும் அதன் சொல்லைக் கொடுங்கள். காய்க்கு 'இன்று பறித்த', கீரைக்கு 'பச்சுனு இருக்கிற', வெண்டைக்காய்க்கு 'பிஞ்சு', தேங்காய்க்கும் நுங்குக்கும் 'இளசு', பாலுக்கு 'கறந்த சூடு மாறாத', மீனுக்கு 'துள்ளத் துடிக்க', இட்லிக்கு 'சுடச்சுட'.

மல்லிகைக்கு? 2013இல் புவிசார் குறியீடு வாங்கிய மதுரை மல்லியைப் பற்றி எழுதும்போதாவது இந்த விளம்பரச் சொல் வேண்டாமே. வாடாத மல்லி, மொட்டு விரியாத மல்லி, காலையில் பறித்த மல்லி. மாட்டுத்தாவணிப் பூ மார்க்கெட்டில் மொட்டாக வந்து மாலையில் தலையில் மலர்கிற பூ அது. அந்த நேரக் கணக்கைச் சொன்னாலே அதன் புதுமை முழுசாக வந்துவிடுகிறது.

ஆறாம் படி: பேச்சில் எழுதும்போது

கதையிலோ வசனத்திலோ மதுரைப் பக்கத்து ஆள் ஒருவர் வாயில் 'புத்துணர்ச்சி' என்று வைத்தால், அவர் மேடையில் இருந்தால் ஒழிய நம்ப மாட்டார்கள். இப்படித்தான் பேசுவார்கள்:

"என்ன மதினி, நேத்து வாடிப்போய்க் கெடந்தீங்க, இன்னிக்கு முகம் தெளிச்சியா இருக்கு?"

"ரெண்டு நாளாக் காச்சல்த்தா. ராத்திரிதான் நல்லாத் தூங்குனேன். எந்திரிச்சதும் உடம்பு லேசா இருந்துச்சு."

'உடம்பு லேசா இருக்கு' என்பதைக் கவனியுங்கள். இரண்டு பேரில் யாரும் பெரிய சொல் எதையும் எடுக்கவில்லை, நேற்றையும் இன்றையும் பக்கத்தில் வைத்தார்கள், அதிலேயே எல்லாம் வந்துவிட்டது. எழுத்திலும் இந்த வழி எடுபடும். களைப்பை நன்றாகக் காட்டிவிட்டால் பல நேரம் 'புத்துணர்ச்சி' என்ற சொல்லே தேவைப்படாது.

ஏழாம் படி: எந்த வினையோடு சேரும், எங்கே ஒற்று மிகும்

இது சுருக்கமாக. புத்துணர்ச்சி பெற்றான், அடைந்தான், வந்தது, தந்தது, ஊட்டியது, அளித்தது எல்லாம் சரி. 'புத்துணர்ச்சி செய்தது', 'புத்துணர்ச்சி ஆனேன்' இரண்டும் வேண்டாம். 'எனக்குப் புத்துணர்ச்சியாக இருந்தது' என்பதும் 'புத்துணர்ச்சியுடன் இருந்தேன்' என்பதும் சரிதான், முதலாவது உள்ளே உணர்ந்ததைச் சொல்கிறது, இரண்டாவது மற்றவர்களும் பார்க்கக்கூடியதைச் சொல்கிறது.

'புத்துணர்ச்சியான' என்பதற்குப் பின் வல்லினம் மிகாது: புத்துணர்ச்சியான தோற்றம். 'புத்துணர்ச்சியாக' என்பதற்குப் பின் மிகும்: புத்துணர்ச்சியாகத் தெரிந்தார். 'புத்துணர்ச்சி தரும்', 'புத்துணர்ச்சி பெற்ற' என்பவற்றில் 'ஐ' மறைந்திருக்கிறது, அங்கே மிகாது. அந்த 'ஐ'யை வெளியே கொண்டுவந்தால் மிகும்: புத்துணர்ச்சியைத் தரும்.

கடைசிப் படி: ஒரு வாக்கியத்தை எடுத்துச் சரிசெய்து பார்ப்போம்

'கொடைக்கானல் பயணம் மிகவும் புத்துணர்ச்சியான ஒரு அனுபவமாக இருந்தது.'

முதலில் 'மிகவும்' வேண்டாம். புத்துணர்ச்சி வந்தது அல்லது வரவில்லை, அதற்கு அளவு தேவையில்லை. 'ஒரு அனுபவமாக இருந்தது' என்ற வாலையும் வெட்டிவிடலாம், பயணம் போனாலே அனுபவம்தான். இப்போது மிஞ்சுவது: 'கொடைக்கானல் போனது புத்துணர்ச்சி தந்தது.' பரவாயில்லை, ஆனால் போன களைப்பு இன்னும் வரவில்லை. அதைக் கேளுங்கள். என்ன களைப்பு? ஆடிட் நேரத்தில் ஒரு மாதம் அலுவலகத்தில் இருந்ததா? அக்கினி நட்சத்திர வெக்கையா? வீட்டில் நோயாளியைப் பார்த்துக்கொண்டதா? ஒவ்வொன்றுக்கும் வாக்கியம் மாறும்.

'மார்ச் மாத ஆடிட் முடிந்த அலுப்பு கொடைக்கானலில் தூங்கிய முதல் இரவிலேயே போய்விட்டது, காலையில் புத்துணர்ச்சியோடு எழுந்தேன்.' இங்கே சொல் இருக்கலாம்.

'வத்தலக்குண்டு தாண்டி மலை ஏறத் தொடங்கியதும் ஜன்னலில் வந்த காற்றில் உடம்பு குளிர்ந்தது.' வெக்கை போனது, ஆகவே குளிர்ச்சி.

'மூன்று மாதம் ஆஸ்பத்திரியும் வீடுமாக அலைந்த அம்மாவின் முகத்தில் ஏரிக்கரையில்தான் தெளிச்சியைப் பார்த்தேன்.' இதில் புத்துணர்ச்சி என்று வைத்துப் பாருங்கள், சிறியதாகிவிடும்.

உங்கள் பழைய பதிவு ஒன்றை எடுத்து, 'புத்துணர்ச்சி' வருகிற ஒவ்வொரு இடத்திலும் இதையே செய்து பாருங்கள். விடை வராத இடங்களில் சொல்லை எடுத்துவிட்டு வாக்கியத்தை ஒருமுறை வாய்விட்டுப் படியுங்கள், அநேகமாக அது இல்லாமலே நிற்கும்.